மிதித்த கால், எடுத்த கால்

பல்லேபொலவில் மச்சான் கத்தரிப் பாத்திக்கு ஹோஸ் பைப்பில் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். திடீரென்று தண்ணீர் நின்றது. பைப்பின் வாயைக் கண்ணுக்கு நேரே தூக்கிப் பார்த்தார். அந்த நொடிக்காகவே காத்திருந்த மகன், மிதித்திருந்த காலை எடுத்தான். முகத்தில் பீச்சியடித்தது தண்ணீர். வேலிக்கு அப்பால் நின்ற சிங்களப் பிள்ளைகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

இந்தக் குறும்புக்கு 130 வயதுக்கு மேல். பிரான்சில் முதலில் படக்கதையாக அச்சில் வந்தது. 1895இல் லூமியேர் சகோதரர்கள் அதைப் படம் பிடித்தார்கள். ஒரு நிமிடம்கூட ஓடாது. தோட்டக்காரர் நனைகிறார், தொப்பி பறக்கிறது, குழாயை மிதித்த பையனைத் துரத்திப் பிடிக்கிறார். அடிப்பதற்கு முன் அவனைக் கேமராவுக்கு முன்னால் இழுத்து வருகிறாரே, அதை எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காது. கேமரா நகராது, அடி விழுவதை நாம் பார்க்க வேண்டுமல்லவா! மறு ஆண்டே இன்னொரு பிரெஞ்சுக்காரரான மெலியேஸ் அதே கதையைத் தானும் எடுத்தார். 1915இல் சாப்ளின் கைக்கு வந்தபோது குழாய் தீயணைப்புக் குழாயாகிவிட்டது. நாடகக் கொட்டகை மாடியிலிருந்து மேடையையே நனைத்தார்.

சினிமா நம் பக்கமும் வந்தது. இலங்கையில் 1901இல் தியத்தலாவை முகாமில், தென்னாப்பிரிக்கப் போரில் பிடிபட்ட போயர் கைதிகளுக்குப் படம் காட்டினார்கள். 1905இல் திருச்சியில் ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட், டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் கருவியையும் படச்சுருள்களையும் வாங்கி, ஊர் ஊராகக் கூடாரம் அடித்தார். மௌனப் படங்களுக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஓர் ஆள் இருப்பார். ஒருவன் வழுக்கி விழும் காட்சிக்கு அவர் என்னத்தைச் சொல்ல?

1932இல் சாப்ளினே கண்டிக்கு வந்துபோனார். கண்டியிலிருந்து மாத்தளை ரயிலில் ஏறினால் எங்கள் பக்கம்தான். அந்த நாட்களில் கொழும்பில் வளர்ந்துகொண்டிருந்தான், 1927இல் தூத்துக்குடியில் பிறந்த ஒரு சிறுவன். பின்னாளில் 'சபாஷ் மீனா' படத்தில் முதுகு, முழங்கால், கழுத்து எல்லாவற்றையும் பேசவைத்த ஜே.பி. சந்திரபாபு அவர். வசனத்தை எடுத்துவிட்டாலும் அவர் விழுவதைப் பார்த்துச் சிரிக்கலாம். தமிழில் அப்படி விழத் தெரிந்தவர்கள் மிகக் குறைவு.

மச்சானின் மகன் லூமியேர் படத்தைப் பார்த்ததில்லை. ஆனால் அப்பாவின் கண் பைப்பின் வாய்க்கு நேரே வரும்வரை அவன் காலை அசைக்கவில்லை. அவர் துரத்தினார். அவன் மிளகுக் கொடிகளுக்குள் புகுந்து ஓடிவிட்டான்.