கம்பம் நடும் காணி யாருடையது?



சில மாதங்களுக்கு முன் என் பழைய மாணவர் ஒருவர் கடிதமொன்றுடன் என்னிடம் வந்தார். இராகலைக்கு அண்மையிலுள்ள தோட்டமொன்றில் ஏழு பேர்ச் காணியும் வீடும் பெற்று, உறுதியும் கைக்கு வரப்பெற்றவர். அக்காணியில் மின்கம்பம் ஒன்று நடவேண்டியுள்ளது என்றும், ஆட்சேபனை இருந்தால் எழுத்தில் அறிவிக்கலாம் என்றும் அக்கடிதம் கூறிற்று. “சேர், வேண்டாமென்று சொல்ல எனக்கு உரிமை இருக்கிறதா?” என்று கேட்டார். நான் உடனே மறுமொழி கூறவில்லை. இப்படியொரு கடிதம் அவருடைய தகப்பனாருக்கோ பாட்டனாருக்கோ வந்திருக்க முடியாது என்ற எண்ணமே முதலில் எழுந்தது. அவ்வெண்ணத்தின் வரலாற்றையே இன்று உங்கள் முன் வைக்க விரும்புகிறேன்.

பிறர் காணியின்மேல் வழி கேட்கும் வழக்கம் மின்சாரத்துக்கு மிக முந்தியது. வட இங்கிலாந்தின் நியூகாசில் பகுதியில் 17, 18 ஆம் நூற்றாண்டுகளில் நிலக்கரிச் சுரங்க முதலாளிகள், கரியை ஆற்றங்கரைக்குக் கொண்டுசெல்ல மரத்தாலான தண்டவாளப் பாதைகளை இட்டனர். இடைவழிக் காணிக்காரர்களோ பணம் வாங்கிக்கொண்டே வழிவிட்டனர். அவ்வுரிமைக்கு அங்கே வழங்கிய ‘வேலீவ்’ என்ற பெயரே பின்னர் கம்பி செல்லும் உரிமைக்கும் நிலைத்துவிட்டது.

தந்திக் கம்பி வந்தபோது, ஒவ்வொரு காணிக்காரனோடும் பேரம்பேசிக் கொண்டிருக்க அரசுகள் விரும்பவில்லை. இந்தியாவின் 1885 ஆம் ஆண்டுத் தந்திச் சட்டம் இதற்கு ஒரு வழி கண்டது. அதிகாரிகள் தனியார் காணியிலும் கம்பம் நடலாம். ஆனால் பயன்படுத்தும் உரிமை மட்டுமே அவர்களுக்கு உண்டு, நிலம் அவர்களுடையதாகாது. சேதத்தை இயன்றவரை குறைத்து, நேர்ந்த சேதத்துக்கு முழு நட்டஈடு கொடுக்கவேண்டும். பின்னர் 1910 ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம் இவ்வதிகாரத்தை மின்கம்பிக்கும் அளிக்க இடம் செய்தது. நிலம் ஒருவருடையதாயிருக்க, கம்பம் வேறொருவருடையதாய் அதில் நிற்கும் இந்த ஏற்பாட்டைச் சட்டத்தின் சாமர்த்தியங்களுள் ஒன்றென்றே நான் கருதுகிறேன்.

நம் நாட்டுக்கு வருவோம். கொழும்பில் மின்விளக்கு எரிந்தது 1895 இல். மலைநாட்டு நீர்வீழ்ச்சிகளிலிருந்து மின்சாரம் எடுக்கலாமென்று பொறியியலாளர் டி. ஜே. விமலசுரேந்திர 1918 இல் விரிவான கட்டுரையொன்று படித்தார். அவர் கனவு நனவாகி லக்சபான நிலையம் இயங்கியபோது ஆண்டு 1950 ஆகியிருந்தது. 1960களில் காசல்ரீ, மவுசாக்கலை நீர்த்தேக்கங்கள் எழுந்தன. பழைய மஸ்கெலியா நகரே நீருள் மூழ்கிற்று. கடும் வரட்சியில் நீர் வற்றும்போது அதன் கோயிற் சிதைவுகளை இன்றும் காணலாம். இவ்வாறு மலைநாடு மின்சாரத்துக்காகத் தன் நிலத்தைக் கொடுத்தது. அந்நிலத்திலே உழைத்தவர்கள் வீட்டில் எரிந்ததோ குப்பி விளக்கு.

நானும் அவ்விளக்கின் கீழே படித்தவன்தான். காலையில் மூக்கைச் சிந்தினால் கரி வரும். எதிர்மலையிலே ஸ்டோரும் துரை பங்களாவும் ஒளிவீசி நிற்கும். பல தோட்டங்கள் ஓடை நீரிலே சிறு சுழலி வைத்துத் தமக்கு வேண்டிய மின்சாரத்தைத் தாமே எடுத்துக்கொண்டன. அந்தக் கம்பி லயத்தின் கூரைக்கு மேலாகப் போகும். கூரைக்குக் கீழே இறங்காது.

காரணம் காணியில் இருந்தது. தோட்டங்கள் முதலிற் கம்பனிகளுடையவை. 1972, 1975 காணிச் சீர்திருத்தச் சட்டங்களால் அரசுடைமையாயின. 1992 முதல் அவற்றின் நிர்வாகம் மீண்டும் கம்பனிகளிடம் சென்றது. கைகள் மாறினவேயன்றி, லயத்து மக்களின் கைக்கு எதுவும் வரவில்லை. கம்பம் நடச் சம்மதம் கேட்கும் கடிதம் தோட்ட அலுவலகத்துக்கே போயிற்று. லயக்காம்பராவுக்கு மின்சாரம் வேண்டுமென்று கேட்டவரும் நிர்வாகத்தின் சம்மதக் கடிதத்தோடுதான் செல்லவேண்டியிருந்தது. எங்கள் இராகலைக்கு நானுஓயாவிலிருந்து ஒருகாலத்தில் குறும்பாதை ரயில் ஓடிற்று; 1940களில் அதையும் எடுத்துவிட்டார்கள். அது வந்தபோதும் போனபோதும் லயத்திலே கேட்டவர் யார்?

2009 ஆம் ஆண்டின் 20 ஆம் இலக்க மின்சாரச் சட்டம், காணியின் உரிமையாளரை மட்டுமன்றி அதில் குடியிருப்பவரையும் கருத்திற் கொண்டது. ஆயினும் வேலை போனால் காம்பராவும் போகும் என்ற நிலையில் பழகியவர்களுக்குக் குடியிருப்பவர் என்ற சொல் என்ன துணிவைக் கொடுக்கும்? உறுதியே துணிவைக் கொடுப்பது. வீடு கிடைத்தும் உறுதி கைக்கு வராத குடும்பங்கள் பல இருப்பதை இவ்விடத்தில் மறக்கலாகாது.

இனி என் மாணவரின் கேள்வி. முற்றாக மறுக்கும் உரிமை அவருக்கில்லை. அவர் சம்மதியாவிட்டால் விடயம் பிரதேச செயலாளரிடம் செல்லும். அவர் விசாரித்து முடிவு செய்வார். ஆனால் தம் நியாயத்தைச் சொல்லவும், வேறிடம் காட்டவும், சேதத்துக்கு நட்டஈடு கோரவும் மாணவருக்கு உரிமையுண்டு. கம்பம் நின்றாலும் காணி அவருடையதே. ஆயிரம் ஏக்கர் தோட்டத்திலே ஒரு கம்பம் தூசுக்குச் சமானம். ஏழு பேர்ச் என்பதோ ஏறக்குறைய 1,900 சதுர அடி. வீடு 550 சதுர அடியை எடுத்துக்கொள்ள, எஞ்சிய சரிவிலே கம்பமும், அதை இழுத்துப் பிடிக்கும் கம்பியும் நின்றால் மரக்கறிப் பாத்திக்கு இடமேது?

இருவருமாக உட்கார்ந்து கடிதம் எழுதினோம். கம்பம் வேண்டாமென்று எழுதவில்லை. அதனால் மேலே உள்ள நான்கு வீடுகளுக்கும் வெளிச்சம் வரவேண்டியிருந்தது. பாதையோரத்து வடிகானுக்கு அருகே நகர்த்தும்படி கேட்டு, இடத்தைக் கோட்டுப்படமாக வரைந்து இணைத்தோம். கையொப்பமிட்டபின் கீழே என்ன எழுதுவதென்று அவர் கேட்டார். காணி உரிமையாளர் என்று எழுதச் சொன்னேன். அவர் அதை எழுதிவிட்டு, எழுத்துப்பிழை உண்டாவென்று என்னிடம் நீட்டினார். பிழையில்லை. பின்னர் உத்தியோகத்தர்கள் வந்து அளந்து, வடிகானோரமாக ஒரு முளை அடித்துச் சென்றிருக்கிறார்கள்.