விக்டோரியா கோரன் மிட்செல்: விளம்பர ஒப்பந்தத்தை உதறிய சீட்டாட்டக்காரி

பிரித்தானியாவில் 'ஒன்லி கனெக்ட்' என்ற தொலைக்காட்சி அறிவுப்போட்டியை 2008 முதல் நடத்திவருபவர் விக்டோரியா கோரன் மிட்செல். நகைச்சுவை எழுத்தாளர் அலன் கோரனின் மகள். பத்திரிகைகளில் பத்தி எழுதுபவர். ஆனால் போக்கர் ஆடுவோர் மத்தியில் இவரை அறிவிப்பாளராக எவரும் நினைப்பதில்லை. அங்கே இவர் இரு பெரும் போட்டிகளை வென்ற ஆட்டக்காரி.

போக்கரைத் தொலைக்காட்சிக்குரிய விளையாட்டாக்கியதில் 1999 இல் தொடங்கிய 'லேட் நைட் போக்கர்' நிகழ்ச்சிக்குப் பெரும் பங்குண்டு. ஒளிபரப்பியது சனல் 4. 'இலங்கையின் கொலைக்களங்கள்' ஆவணப்படத்தை 2011 இல் வெளியிட்டதால் நாம் நன்கறிந்த அதே சனல் 4 தான். மேசையில் கண்ணாடி பதித்து, அடியில் கமரா வைத்தார்கள். 304 ஆட்டத்தில் கவிழ்த்து வைத்த துரும்பை வேடிக்கை பார்ப்பவர் மட்டும் கண்டுவிட்டால் எப்படியிருக்கும்? அதுபோல, யார் பொய்க்குப் பணம் கட்டுகிறார் என்பது வீட்டிலிருப்பவர்களுக்குத் தெரிந்தது.

2006 இல் லண்டனில் நடந்த ஐரோப்பிய போக்கர் தொடரின் பிரதான போட்டியில் விக்டோரியா வென்றார். பரிசு 5 இலட்சம் பவுண். அத்தொடரில் பிரதான போட்டியொன்றை வென்ற முதற்பெண் இவரே. 2014 ஏப்ரலில் இத்தாலியின் சான் ரேமோவில் மீண்டும் வென்றபோது, ஆண் பெண் இருபாலாரிலும் இருமுறை வென்ற முதல் ஆளானார்.

அதே ஆண்டு நவம்பரில் தமக்கு அனுசரணை வழங்கிய 'போக்கர்ஸ்டார்ஸ்' நிறுவனத்திலிருந்து விலகினார். அந்நிறுவனம் இணையத்தில் கசினோ ஆட்டங்களையும் தொடங்கியதே காரணம்.

வெளியாருக்கு இரண்டும் சூதுதான். அவருக்கு அப்படியல்ல. போக்கரில் ஆட்டக்காரர்கள் தங்களுக்குள்ளேயே மோதுகிறார்கள். மேசை நடத்துபவர் ஒரு பங்கை எடுத்துக்கொள்வார். திறமையுள்ளவர் காலப்போக்கில் மேலே வரலாம். ரூலட் அப்படியில்லை. ஐரோப்பியச் சக்கரத்தில் 37 எண்கள் உண்டு. ஒரு எண்ணில் வென்றால் கிடைப்பதோ 35 மடங்கு. எவ்வளவு கெட்டிக்காரர் ஆடினாலும் கட்டிய பணத்தில் சராசரியாக 2.7 வீதம் விடுதிக்கே போகும். வீட்டில் தனியே, இரவு முழுவதும் ஆடக்கூடிய இணையத்தில் அது பலவீனமானவர்களை எங்கே கொண்டுபோய் விடும் என்பதே அவரது கவலை.

போக்கர் பற்றி அவர் எழுதிய நினைவுக்குறிப்பு நூல் 2009 இல் வெளியாகியிருந்தது. அந்த விளையாட்டின் மீது அவ்வளவு காதல் கொண்டவர், அதற்குக் கிடைத்த சம்பளத்தைத்தான் விட்டார்.