சின்னப்பன் வீட்டுப் பிள்ளை

கெல்லி சின்னப்பா மேரி. தூத்துக்குடியில் எந்தக் கான்வென்ட் பள்ளியின் வருகைப் பதிவேட்டில் இந்தப் பெயரை எழுதி வைத்தாலும் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். ஃபோனில் ஓர் ஓவியத்துக்குக் கீழே முதல்முறை இதைப் படித்தபோது, நம்ம ஊர்ப் பிள்ளை போல, எந்தத் தெருவோ என்றுதான் நானும் நினைத்தேன். எங்கள் கடற்கரையில் சின்னப்பன் என்பது கோவில் பெயர். லத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர். அதனால் பழைய கத்தோலிக்கத் தமிழில் புனித பவுல், சின்னப்பர் ஆனார். என் அம்மா வழியில் மட்டும் இரண்டு சின்னப்பன்கள் உண்டு.

ஆனால் இந்தச் சின்னப்பா நம்ம ஊர் இல்லை. கரீபியன் கடலில் பிரான்சின் ஆளுகையில் இருக்கும் குவாதலூப் தீவு. 1981-இல் பிறந்தவர். இன்றும் அங்கேயே இருந்து வரைகிறார். தமிழ் அந்தக் குடும்பத்தின் நாக்கிலிருந்து போய்ப் பல தலைமுறை ஆகிவிட்டது.

அவரைப் பற்றிப் படித்ததில் ஒரு விஷயம் என்னைப் பிடித்துக்கொண்டது. சின்ன வயதில் அவர் தன்னை ஆப்பிரிக்க அடிமைகளின் வழிவந்த கறுப்பினப் பெண் என்றே நினைத்து வளர்ந்திருக்கிறார். முன்னோர்கள் இந்தியாவிலிருந்து கரும்புத் தோட்டத்துக்குப் போன ஒப்பந்தக் கூலிகள் என்பது பிறகுதான் அவருக்குப் புரிந்தது.

எனக்கு நடந்தது இதற்குத் தலைகீழ். என் முடி சுருட்டை முடி. ஏழாம் வகுப்பில் என்னைக் கூப்பிட்ட பெயர் 'காப்பிரி'. அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்கும் தெரியாது, கூப்பிட்டவர்களுக்கும் தெரியாது. வசவு என்று மட்டும் எல்லாருக்கும் தெரியும். ஆச்சி தினமும் தேங்காய் எண்ணெயை வழிய வழியத் தேய்த்து, சீப்பு உடையும் வரை சீவி, இறுக்கி ரெட்டைச் சடை போட்டு விடுவாள். "ஏட்டி, நிறந்தான் இப்பிடி ஆயிட்டு, முடியாவது படிஞ்சி கெடக்கட்டும்" என்பாள். அன்பில் சொன்னதுதான். அந்த அன்பிலிருந்து வெளியே வர எனக்கு இருபது வருஷம் ஆனது. கல்லூரி முடித்ததும் என் முதல் சம்பளம் முடியை நேராக்கத்தான் போனது.

காப்பிரி என்பது ஆப்பிரிக்கரைக் குறிக்கும் பழைய சொல். அரபியிலிருந்து போர்ச்சுகீசியர் வாயில் ஏறி எங்கள் கரைக்கு வந்தது. சொல் மட்டும் தனியாக வரவில்லை, ஆட்களும் வந்தார்கள். மன்னார் வளைகுடாவின் இரு கரையிலும் ஆப்பிரிக்க அடிமைகளையும் படைவீரர்களையும் போர்ச்சுகீசியர் கொண்டுவந்தார்கள். பின்னால் டச்சுக்காரர்களும் ஆங்கிலேயர்களும் அதையே செய்தார்கள். அவர்களின் வழிவந்தவர்கள் இலங்கையில் புத்தளம் பக்கம் சிரம்பியடி என்ற ஊரில் இன்றும் சில குடும்பங்களாக வாழ்கிறார்கள். பேசுவது சிங்களம். ஆனால் 'மஞ்சா' என்ற பாட்டும் தாளமும் மட்டும் விடாமல் கூட வந்திருக்கின்றன. எங்கள் வீட்டு மாடியிலிருந்து பார்த்தால் தெரியும் அதே கடலின் மறுகரையில் அந்த ஊர் இருக்கிறது. அவர்கள் பெயரைத்தான் நான் வசவாக வாங்கிக்கொண்டிருந்தேன்.

ஆட்களைக் கப்பலேற்றுவது எங்கள் துறைமுகத்துக்கும் புதிதில்லை. 1658-இல் டச்சுக்காரர்கள் தூத்துக்குடியைப் பிடித்தார்கள். முத்து, சங்கு, துணி வாங்கிய அதே கம்பெனி, மதுரை நாட்டிலும் தஞ்சை நாட்டிலும் பஞ்சமும் போரும் வந்தபோது மனிதர்களையும் வாங்கியது. பசியில் தன்னையோ தன் பிள்ளையையோ விற்றவர்கள் இலங்கைக்கும் பத்தாவியாவுக்கும் அடிமைகளாகப் போனார்கள். ஆங்கிலேயர் காலத்தில் அடிமை என்ற சொல் போய்க் கூலி என்ற சொல் வந்தது. இலங்கைத் தோட்டங்களுக்குப் போன ஜனம் தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்குக் கப்பலேறியது. 1914-இல் தனுஷ்கோடி, தலைமன்னார் வழி திறந்த பிறகுதான் அந்தக் கூட்டம் எங்கள் ஊரில் குறைந்தது. முத்து நகரம் என்று பலகை வைத்திருக்கிறோம். இந்தக் கதைக்குப் பலகை கிடையாது.

சின்னப்பாக்கள் எங்கள் துறையிலிருந்து போகவில்லை. குவாதலூப்புக்குப் போன தமிழர்கள் பெரும்பாலும் பாண்டிச்சேரியிலும் காரைக்காலிலும் கப்பலேறியவர்கள். 1848-இல் பிரான்ஸ் தன் காலனிகளில் அடிமைமுறையை ஒழித்தது. விடுதலையான கறுப்பின மக்களில் பலர் கரும்புத் தோட்டத்தை விட்டு வெளியேறினார்கள். முதலாளிகளுக்கு மலிவான கை வேண்டியிருந்தது. 1854 டிசம்பர் கடைசியில் 'ஒரேலி' என்ற கப்பல் முதல் இந்தியர்களை குவாதலூப்பில் இறக்கியது. 1889 வரை ஏறத்தாழ 42,000 பேர் போனார்கள். ஐந்து வருஷ ஒப்பந்தம், முடிந்ததும் ஊர் திரும்பக் கப்பல் உண்டு என்பது பேச்சு. கால்வாசிப் பேர்கூடத் திரும்பவில்லை. ஏராளமானோர் நோயிலும் வேலையிலும் செத்தார்கள், மிச்சப்பேர் தங்கிவிட்டார்கள்.

இறங்கியவர்களை அங்கிருந்த கறுப்பின மக்கள் எப்படிப் பார்த்திருப்பார்கள்? அவர்கள் போராடிக் கைவிட்ட மண்வெட்டியைக் குறைந்த கூலிக்குக் கையில் எடுக்க வந்தவர்கள் இவர்கள். கோபம் இருந்தது, ஏளனம் இருந்தது. 'கூலி' என்பது அங்கே வசவானது. கலந்து பிறந்த பிள்ளைகளுக்கும் ஒரு தனிப் பட்டப்பெயர் கிடைத்தது. முதலாளி வெள்ளைக்காரன், வசவு மட்டும் இரண்டு ஏழைகளுக்கு நடுவில். ஏழாம் வகுப்பில் எனக்குக் கிடைத்த பெயரும் இந்த வியாபாரத்தின் மிச்சம்தான்.

பிரெஞ்சு குமாஸ்தா காதில் விழுந்ததை எழுதினான். ஒருவரின் பெயர் அவர் வம்சத்துக்கே குடும்பப் பெயராக உறைந்தது. சிதம்பரம், சிதாம்பரோம் ஆனது. அந்தப் பெயரில் ஆன்ரி சிதாம்பரோம் என்றொருவர் இருந்தார். 1863-இல் குவாதலூப்பில் பிறந்தவர். இந்தியக் கூலிகளுக்கு அங்கே பிறந்த பிள்ளைகளும் பிரெஞ்சுக் குடிமக்களே, அவர்களுக்கும் ஓட்டுரிமை வேண்டும் என்று 1904-இல் வழக்குக்குப் போனார். 1923 வரை விடவில்லை, ஜெயித்தார். அதே காலத்தில், 1906-இல், தூத்துக்குடியில் இன்னொரு சிதம்பரம் வெள்ளைக்காரனுக்கு எதிராகக் கப்பல் கம்பெனி தொடங்கினார். எங்கள் துறைமுகத்துக்கு இன்று அவர் பெயர். அந்தச் சிதம்பரத்தை இங்கே எத்தனை பேருக்குத் தெரியும்?

ஓட்டு கிடைத்தது, மொழி போனது. பள்ளியில் பிரெஞ்சு, தெருவில் கிரியோல். மாரியம்மனும் மதுரைவீரனும் உச்சரிப்பு மாறியபடியே கோவில்களில் தங்கினார்கள். அடுப்பங்கரையில் இன்னொன்று தங்கியது. குவாதலூப்பின் பேர்போன மசாலாக் கறிக்குப் பெயர் 'கொலம்போ'. இலங்கைத் தலைநகரின் பெயர் என்று நினைக்கத் தோன்றும். ஆனால் அது நம்ம குழம்பு என்றுதான் பலரும் சொல்கிறார்கள்.

இப்படி ஒரு தீவில், தன்னைக் கறுப்பினத்தவள் என்று ஒரு சின்னப்பா வீட்டுப் பிள்ளை நினைத்தது அறியாமை மட்டும் இல்லை என்றே இப்போது எனக்குத் தோன்றுகிறது. பக்கத்துத் தீவான மர்த்தினிக்கில் பிறந்த எய்மே செசேர் போன்றவர்கள் கறுப்பை அவமானத்திலிருந்து மீட்டுப் பெருமையாக்கிக் கொடுத்திருந்தார்கள். கூலிக்கு அப்படி ஒரு கவிஞன் அங்கே கிடைக்கவில்லை. ஒரு பக்கம் தலைநிமிர ஒரு சொல் இருக்கிறது, இன்னொரு பக்கம் வாயே திறக்காத தாத்தா இருக்கிறார். குழந்தை எதை எடுத்துக்கொள்ளும்?

செசேரின் புகழ்பெற்ற நீள்கவிதை 1939-இல் வந்தது. தாய்மண்ணுக்குத் திரும்புவதைத் தலைப்பிலேயே வைத்த கவிதை. கெல்லி தன் ஓவிய வரிசை ஒன்றுக்கு அந்தத் தலைப்பையே எடுத்து, நடுவில் ஒரு 'இல்லை'யைச் செருகிப் பெயர் வைத்தார்: திரும்பாமையின் குறிப்பேடு. எனக்கு அந்த ஒரு சொல் போதுமாக இருந்தது. இந்தியாதான் என் வேர் என்று கிளம்பி வந்து கோவில் வாசலில் படம் எடுத்துக்கொள்ளும் கதை இல்லை இது. போனவர்கள் போனதுதான். போன இடத்தில் முளைத்தது என்ன என்று பார்க்கிறார்.

அவர் ஓவியங்களில் பெண்களின் தோல் முழுக்கச் செடிகள். முகத்திலும் கையிலும் இலையும் கொடியும் படர்ந்து, உடம்பு எங்கே முடிகிறது, தோட்டம் எங்கே தொடங்குகிறது என்று தெரியாது. தோலின் நிறத்தை வைத்து 'நீ இன்னார்' என்று சொல்ல வருகிறவருக்கு அங்கே நிறமே கிடைக்காது, காடுதான் கிடைக்கும். கறுப்பு அடையாளத்தை உதறிவிட்டு இந்திய அடையாளத்தை அவர் மாட்டிக்கொள்ளவில்லை. இரண்டையும் ஒரே உடம்பில் வளர விடுகிறார்.

என் பெயரின் பின்பாதி பர்னாந்து. 1530-களில் முத்துக்குளித்துறையின் பரதவர்கள் ஞானஸ்நானம் பெற்றபோது போர்ச்சுகல்லிலிருந்து வந்த பெயர். லிஸ்பனில் எனக்கு யாரும் இல்லை. சின்னப்பன் என்ற பெயர் இங்கிருந்து போய் ஒரு கறுப்புத் தீவில் குடியேறியதைப் போல, பர்னாந்து இங்கே வந்து மீன் வாசனையோடு குடியேறிவிட்டது. பெயரை வைத்து ஆளைக் கண்டுபிடிக்க முடியாது, யார் கப்பல் எந்தக் கரையைத் தொட்டது என்று வேண்டுமானால் கண்டுபிடிக்கலாம். இது புரிந்ததும் எனக்குள் பெரிதாக ஒன்றும் நடந்துவிடவில்லை. முடியை நேராக்குவதை நிறுத்தினேன், அவ்வளவுதான்.

போன கிறிஸ்மஸுக்கு ஊருக்குப் போயிருந்தபோது ஆச்சியிடம் அந்தப் படங்களில் ஒன்றைக் காட்டினேன். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு ஃபோனை நல்ல வெளிச்சத்தில் பிடித்து வெகுநேரம் பார்த்தாள். இலை முளைத்த முகத்தைப் பார்த்துப் பயப்படவில்லை. முடியைப் பார்த்தாள். என் முடியையும் ஒருதரம் பார்த்தாள்.

"யாரு வீட்டுப் பிள்ள இது?"

கடற்கரையில் அறிமுகம் இல்லாத யாரைப் பார்த்தாலும் கேட்கிற கேள்விதான்.

"சின்னப்பன் வீட்டுப் பிள்ள ஆச்சி."

"எந்தச் சின்னப்பன்? ரொம்ப நாள் முந்தி கப்பல்ல போனானே, அவனா?"

ஆச்சி சொன்னது கொழும்புக்குப் போய்த் திரும்பி வராத அவளுடைய சித்தப்பாவை. அப்படி ஒருவர் இருந்ததையே அன்றைக்குத்தான் முதல்முறையாகக் கேட்கிறேன். ஃபோனை வாங்கி வைத்துவிட்டு, அவர் கதையைச் சொல்லச் சொல்லிப் பக்கத்தில் உட்கார்ந்தேன்.