ஓமோன் வாங்கிகள்: ஒரு வரலாற்று நோக்கு

விஞ்ஞான வரலாற்றை மேதைகள் சிலரின் வரலாறாகக் காண்பது பெருவழக்கு. இலக்கிய வரலாற்றிலும் இந்நோக்கு நெடுங்காலம் ஆட்சி செலுத்தியதை நாமறிவோம். ஒரு வினா குறித்த காலத்தில் எழுதற்கு ஏதுவான புறநிலைமைகளை அது மறைத்துவிடுகின்றது. ஓமோன்கள் பரம்பரையலகுகளை இயக்குமாறு அறியப்பட்ட வரலாறு இதற்குத் தக்க சான்றாகும்.

1950களில் இத்துறையில் நொதியக் கொள்கையே செல்வாக்குப் பெற்றிருந்தது. ஈஸ்திரஜன் போன்ற ஓமோன்கள் கலத்தினுள் இரசாயன மாற்றமடைந்து நொதியத் தாக்கங்களிற் பங்குகொள்கின்றன எனக் கருதப்பட்டது. மிகச் சொற்ப அளவில் உடலிலுள்ள பொருளைப் பின்தொடரக் கருவியில்லாதவரை இக்கருத்தைச் சோதித்தல் அரிதாயிருந்தது. ஐதரசன் குண்டுக்கு வேண்டப்பட்ட திரித்தியமே ஆய்வுகூடத்தில் அக்கருவியாயிற்று. சிக்காகோப் பல்கலைக்கழகத்தில் எல்வுட் ஜென்சனும் ஹேர்பேர்ட் ஜேக்கப்சனும் கதிர்த்தொழிற்பாடுள்ள இவ்வைதரசனால் ஈஸ்திரடையோலுக்கு அடையாளமிட்டு, இளம் பெண்ணெலிகளுக்குச் செலுத்தினர்.

எனினும், கருவி தானாகவே அறிவைத் தருவதில்லை. ஓமோன் இழையத்தை என்ன செய்கின்றது என்று வினவியோர் நடுவே, இழையம் ஓமோனை என்ன செய்கின்றது என ஜென்சன் வினாவைத் திருப்பிக் கேட்டார். கருப்பை ஓமோனைப் பற்றி வைத்திருந்தது; ஓமோனோ மாற்றமெதுவும் அடையவில்லை. எனவே அதனைப் பற்றும் வாங்கியொன்று இருத்தல் வேண்டும். 1958இல் வியன்னா மாநாட்டில் இதனைக் கேட்க வந்தோர் விரல்விட்டு எண்ணத்தக்கவரே.

1960இல் கிளெவரும் கார்ல்சனும் பூச்சிக் குடம்பிக்கு எக்டைசோன் என்னும் ஓமோனைச் செலுத்தியபோது, நிறமூர்த்தங்களின் குறித்த இடங்கள் புடைத்தெழுந்தன. ஓமோனின் செயற்களம் பரம்பரையலகே என்பது கண்ணுக்குப் புலனாயிற்று. 1985இல் ரொனால்ட் எவன்ஸ் குழுவினர் குளுக்கோகோர்ட்டிகொயிட் வாங்கியின் அமைப்பை வெளிப்படுத்தினர். 1986இல் பியர் ஷம்போன் குழுவினர் ஈஸ்திரஜன் வாங்கியின் அமைப்பை வெளிப்படுத்தினர். வெவ்வேறு ஓமோன்களின் வாங்கிகள் ஒரே குடும்பத்தவை என்பது இதனாற் பெறப்பட்டது. மனிதரில் இவை 48 ஆகும். இவற்றின் நடுப்பகுதியில் இரு நாக அணுக்களை நந்நான்கு சிஸ்டீன்கள் பற்றிநிற்கின்றன. அங்குள்ள சுருளொன்று டி.என்.ஏ.யின் பெரிய பள்ளத்துட் புகுந்து, ஆறு மூலங்கள் கொண்ட தொடரை இனங்காண்கின்றது. பெரும்பாலான வாங்கிகள் இணையாக நின்றே பற்றுகின்றன. ஓமோன் சேரும்போது வாங்கியின் வடிவம் மாறுகின்றது. துணைப்புரதங்கள் கூடிப் பரம்பரையலகின் செயலைத் தூண்டுகின்றன அல்லது அடக்குகின்றன.

இவ்வறிவின் சமூகப் பயன் மனங்கொளத்தக்கது. முற்றிய மார்புப் புற்றுநோயுற்ற பெண்களின் சூலகங்களும் அதிரீனற் சுரப்பிகளும் முன்னர் வேறுபாடின்றி அகற்றப்பட்டன. பயனடைந்தோர் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கினரே. கட்டியில் வாங்கி உண்டா எனச் சோதிக்கும் முறை வந்தபின்னரே வீண் சத்திரசிகிச்சையைத் தவிர்க்கும் வழி பிறந்தது. கருத்தடை மருந்தாகத் தோல்வியுற்ற தமொக்சிபென் 1977இல் அமெரிக்காவில் இந்நோய்க்கு அனுமதிக்கப்பட்டது. அது ஈஸ்திரஜனின் இடத்தைப் பற்றிக்கொண்டு வாங்கியைத் தடுப்பதாகும்.

2004இல் லஸ்கர் பரிசு ஜென்சன், ஷம்போன், எவன்ஸ் ஆகிய மூவருக்கும் வழங்கப்பட்டது. அது தகுதியான பாராட்டே. ஆயினும் அழிவுக்கென ஆக்கப்பட்ட பொருளும், பலரது கூட்டுழைப்பும், நோயுற்ற பெண்களின் தேவையும் சேர்ந்தே இவ்வறிவை ஆக்கின. அவற்றை விடுத்து எழுதப்படுவது பெயர்ப்பட்டியலாகலாம், வரலாறாகாது.