ஆலவாயைச் சூழ்ந்த குன்றங்கள்

மதுரை என்ற அளவில் நம்மனோர் நெஞ்சில் முதற்கண் தோன்றுவன அங்கயற்கண்ணி ஆலயத்து வானளாவிய கோபுரங்களே. அது குற்றமன்று. ஆயினும் அக்கோபுரங்களுள் ஒன்றேனும் எழாத காலத்தே, இந்நகரின் பெயரையும் இந்நகரத்தார் பெயரையும் தம் மேனியிற் பொறித்துக்கொண்ட குன்றங்கள் நகரின் புறத்தே நாற்றிசையும் நிற்கின்றன. தென்மேற்கே பரங்குன்றமும் பசுமலையும், மேற்கே நாகமலையும் சமணர்மலையும், வடகிழக்கே யானைமலையும், அதற்கப்பால் அழகர்மலையும், அரிட்டாபட்டி மாங்குளம் ஆகிய ஊர்களின் குன்றுகளும் என இவற்றைக் கொள்க. கோபுரத்தைக் கண்டு மீள்வோர் ஆயிரவர். குன்றத்தைக் கண்டு மீள்வோர் சிலரே. நம் சங்கத்துக் குடும்பத்தார் மதுரைக்கு யாத்திரை போகுங்கால் ஒரு நாளையேனும் இக்குன்றங்களுக்கு ஒதுக்குதல் வேண்டும் என்னும் விருப்பத்தால் இதனை எழுதலானேன்.

முதலிற் புராணத்தைச் சொல்லிவிடுகின்றேன். பரஞ்சோதி முனிவர் இயற்றிய திருவிளையாடற் புராணத்தின்படி, பாண்டியனை அழித்தற்கு அமணர் வேள்வி வளர்த்து முறையே ஒரு யானையையும் ஒரு நாகத்தையும் ஒரு மாயப்பசுவையும் விடுத்தனர் என்றும், யானையைச் சோமசுந்தரப் பெருமானும் நாகத்தைப் பாண்டியனும் அம்பெய்து வீழ்த்த, மூன்றாவதைப் பெருமான் ஏவிய இடபம் வென்றது என்றும், வீழ்ந்த உடல்களே யானைமலை, நாகமலை, பசுமலை ஆயின என்றும் கூறுப. வென்ற இடபம் விட்ட உடலே இடபகிரியாகிய அழகர்மலை. ஒத்தக்கடைப் பக்கத்து நின்று நோக்குவார்க்கு யானைமலை, துதிக்கையை நீட்டிப் படுத்திருக்கும் வேழத்தையே ஒக்கும். கதை பிறந்த இடம் கண்ணாற் காணத் தகும். இதனைச் சரித்திரமாகக் கொள்ளாது, மலையின் வடிவை ஊரார் கண்ட விதமாகக் கொண்டால் இழுக்கில்லை. பசுமலையைக் கூறுங்கால், நாவலர் சோமசுந்தர பாரதியார் வாழ்ந்த இடம் அது என்பதைத் தமிழ் கற்றார் எவரும் மறவார்.

இனிக் கல் கூறும் செய்திக்கு வருவோம்.

மாங்குளத்தை அடுத்த மீனாட்சிபுரத்துக் குன்றில், பாறை முழைஞ்சுகளுக்குள் வழவழப்பாகச் செதுக்கிய கற்படுக்கைகள் உள்ளன. ஊரார் இத்தகையவற்றைப் பஞ்சபாண்டவர் படுக்கை என்பர். பாண்டவர்க்கும் இவற்றிற்கும் யாதொரு தொடர்பும் இல்லை. துறவிகள் மழைக்காலத்தே தங்குதற்கு அன்புடையார் வெட்டிக் கொடுத்தவை இவை. படுக்கைக்கு மேற்புறம் பாறை நெற்றியில், மழைநீர் உள்ளே வழியாவண்ணம் ஒரு வரம்பு செதுக்கி, அதன்கீழ் எழுத்துப் பொறித்தனர். 1882ஆம் ஆண்டில் இராபர்ட் சிவெல் என்னும் ஆங்கிலேயர் இவ்வெழுத்துகளைக் கண்டறிந்தார். ஆயினும் இவை எம்மொழி என்பது நெடுநாள் விளங்காதிருந்தது. எழுத்து அசோகன் கல்வெட்டுகளில் வரும் பிராமியை ஒத்திருத்தலின் மொழியும் பாகதமே எனச் சிலர் கருதினர். கே. வி. சுப்பிரமணிய ஐயர் 1924இல் இவை தமிழே என எடுத்துக்காட்டினார். ழகரமும் ளகரமும் றகரமும் னகரமும் இவற்றிற் காணப்படுதலே அவர்தம் கருத்திற்குப் பெருந்துணை ஆயிற்று. வடவெழுத்தாளர்க்கு வேண்டாத எழுத்தைக் கல்லில் வெட்டுவார் யாவர்? தமிழர்க்கே அவை வேண்டும். 1965இல் ஐராவதம் மகாதேவன் இக்குன்றின் கல்வெட்டிலே நெடுஞ்செழியன் என்னும் பெயரை ஐயமறப் படித்து வெளியிட்டார். சங்க நூல்களில் மட்டும் கேட்டிருந்த பாண்டியர் பெயர், ஏறத்தாழ 2,100 ஆண்டுகளுக்கு முற்பட்ட கல்லிலும் நின்றதை உலகம் அன்று அறிந்தது. தமிழாசிரியர் எவர்க்கும் அஃது ஒரு திருநாள் என்றே சொல்வேன்.

கணி நந்தன் என்னும் துறவிக்கு இந்த உறையுளை அமைத்தாருள் நெடுஞ்செழியனுடைய பணியாளன் ஒருவனும், உறவினன் ஒருவனும், வெள்ளறை என்னும் ஊரின் நிகமத்தாரும் உளர். நிகமம் என்பது வணிகர் கூட்டம். அரசன் வீட்டாரும் அங்காடியாரும் ஒரே துறவிக்கு ஒரே குன்றில் அறம் செய்தனர் என்பது கருதத்தக்கது.

அழகர்மலைக்குச் செல்வோர் பெரும்பாலார் கள்ளழகரை வணங்கி, பதினெட்டாம்படிக் கருப்பண்ணசாமியைத் தொழுது, மேலே நூபுர கங்கையாகிய சிலம்பாற்றில் நீராடி மீள்வர். இம்மலையே பரிபாடலில் இருங்குன்றம் எனவும், ஆழ்வார் பாசுரங்களில் திருமாலிருஞ்சோலை எனவும் வருவது. சித்திரைத் திங்களில் அழகர் மலையினின்று இறங்கி வைகைக்கு எழுந்தருளும் விழாவை விவரித்தல் நம்மவர்க்கு வேண்டா. முன்னர்த் தேனூர்க்குச் சென்ற அவ்விழாவை மதுரைக்கு மாற்றியவர் திருமலை நாயக்கர் என்று செவிவழிச் செய்தி வழங்குகின்றது. ஆனால் அதே மலையின் கிடாரிப்பட்டிப் பக்கத்தே, பாறையில் ஒரு பெருங்குகை உண்டு என்பதை அழகரைச் சேவிக்கப் போவோர் அறியார். ஆங்கே கி.மு. முதல் நூற்றாண்டினவாகக் கருதப்படும் எழுத்துகளில் கொடையாளர் பெயர்கள் நிரலாக உள்ளன. அவருள் மத்திரை, அஃதாவது மதுரை, ஊரினனான பொன் வினைஞன் ஒருவன்; உப்பு வணிகன் ஒருவன்; ஏர்க்கொழு விற்பான் ஒருவன்; பாணிதமாகிய வெல்லப்பாகு விற்பான் ஒருவன்; அறுவை என்னும் துணி விற்பான் ஒருவன். ஒரு நகரத்து அங்காடித் தெரு முழுவதும் காசு திரட்டிக் கொடுத்து, ஒவ்வொருவனும் தன் பெயரையும் தன் தொழிலையும் சொல்லி வெட்டுவித்தது போலும் அது. மதுரைக்காஞ்சி நாளங்காடியையும் அல்லங்காடியையும் விரித்துரைக்கின்றது. அவ்வங்காடியில் அமர்ந்திருந்த மாந்தர் பெயரை இக்கல்லே நமக்குத் தருகின்றது.

இங்கு ஒன்று கூறாது மேற்செல்ல இயலவில்லை. இக்கல்வெட்டுகளைப்பற்றி யான் பேசிய ஞான்றெல்லாம் அன்பர் சிலர், 'ஐயா, அவ்வணிகர் நம் குலத்து முன்னோர்தாமே? அங்ஙனம் நம் ஏட்டில் எழுதலாமே' என வினவுவர். பிற சங்கத்தாரும் தத்தம் ஏடுகளில் இவ்வண்ணமே எழுதுகின்றனர் என்றும் அவர் கூறுவர். உண்மைதான். ஒரே கொழு வணிகன் மூன்று நான்கு குலத்தார்க்கு முப்பாட்டனாய்விட்டான்! யான் கூறும் விடை இதுவே. கல்லில் உள்ளது தொழிற்பெயர்; குலப்பெயர் அன்று. உப்பு விற்றவன் மகன் உப்பே விற்றானா, பொன் விற்றானா, கடல் கடந்தானா என்பதை அக்கல் சொல்லவில்லை. இரண்டாயிரம் ஆண்டுகளில் மக்கள் இடம்பெயர்ந்தனர், தொழில் மாறினர், பெயர் மாறினர். இடையே எழுபது தலைமுறைக்குக் குறையாது கழிந்திருக்க, முதலையும் ஈற்றையும் கயிறு கட்டி இணைத்தல் புலமையாகாது. நம் ஏட்டில் அதனை எழுதேன் என யான் மறுத்தமைக்குச் சிலர் வருந்தினர். ஆயினும், அவ்வணிகர் நம் முன்னோரா என்பது தெரியாத காரணத்தால் அவர் நமக்கு அயலாராகிவிடவில்லை. அவர் எழுதிய மொழியைத்தான் நாமும் எழுதுகின்றோம். அவர் மத்திரை என்று வெட்டிய ஊருக்குத்தான் நாமும் செல்கின்றோம்.

பரங்குன்றத்தைச் சுருங்கக் கூறுவேன். முருகன் படைவீடு ஆறனுள் முதலாவதாக அது யாவர்க்கும் தெரிந்ததே. பரிபாடலில் நப்பண்ணனார் பாட்டொன்று, அக்குன்றத்தே அன்றிருந்த ஓவிய மண்டபத்தைக் காட்டுகின்றது. கணவனும் மனைவியுமாய் வந்தோர் சுவர்ச்சித்திரங்களைச் சுட்டி 'இவர் யார், இது யாது' எனக் கேட்டும் விடை சொல்லியும் நடந்த செய்தி அதில் வருகின்றது. மலையின் ஒரு மருங்கில் கற்படுக்கைகளும், ஈழத்துக் குடும்பிகன் ஒருவன் கொடையைக் கூறும் பழைய எழுத்தும் உள. அடியில் இன்று நாம் வணங்கும் கோயிலின் கருவறை எட்டாம் நூற்றாண்டுப் பாண்டியர் காலத்துக் குடைவரை. மேலே காசி விசுவநாதர் சந்நிதியும், மதுரையை ஆண்ட சுல்தான்களுள் இறுதியானவரோடு தொடர்புபடுத்தப்பெறும் சிக்கந்தர் தர்காவும் உள. இம்மலைபற்றிய வழக்குகளை ஈண்டு விரித்தல் என் நோக்கமன்று.

யான் பெரிதும் விரும்புவது யானைமலையே. ஆங்கு நரசிங்கப் பெருமாள் குடைவரையைச் செய்வித்தவன் பராந்தக நெடுஞ்சடையனுக்கு அமைச்சனான மாறன் காரி, மதுரகவி என்னும் சிறப்புப் பெயரினன். கலியாண்டு 3871, அஃதாவது கி.பி. 770, எனக் கல்வெட்டே காலத்தைக் கூறுகின்றது. பாண்டிநாட்டுக் குடைவரைகளுள் இங்ஙனம் ஆண்டு தெளிவாகத் தெரிவன அரியவை. பணி முற்றுமுன் காரி இறந்துபட, அவன் தம்பி மாறன் எயினன் முகமண்டபம் எடுத்து நிறைவேற்றினான். அதன் அணித்தே லாடன் கோயில் எனப்படும் முருகன் குடைவரை. மலையின் மற்றோரிடத்தே முற்காலத்துக் கற்படுக்கையும் பிராமி எழுத்தும், பாறை முகத்தில் தீர்த்தங்கரர் திருமேனிகளும் உள.

இத்திருமேனிகளில்தான் ஒரு பெரிய வினாவுக்கு விடை கிடைக்கின்றது. ஞானசம்பந்தர் காலத்தே அமணர் எண்ணாயிரவர் கழுவேறினர் என்றும், அத்துடன் மதுரையில் அச்சமயம் அற்றொழிந்தது என்றும் பெரும்பாலார் நம்புகின்றனர். அவ்வெண்ணாயிரவர் உறைந்தவை எண்பெருங்குன்றம் என்பதும் வழக்கு. அவ்வெட்டுள் பரங்குன்றமும் யானைமலையும் இருங்குன்றமும் தெளிவானவை. எஞ்சியவற்றை எக்குன்றுக்குப் பொருத்துவது என்பதில் அறிஞர் வேறுபடுவர். சம்பந்தர் ஏழாம் நூற்றாண்டினர். யானைமலைத் தீர்த்தங்கரர் உருவங்களோ ஒன்பது பத்தாம் நூற்றாண்டினவாகும். அழிந்தொழிந்தவர் இருநூறு முந்நூறு ஆண்டு கழித்து எங்ஙனம் மலை முகத்தே தம் கடவுளரைச் செதுக்குவர்? அதனினும் வியப்பு ஒன்று உண்டு. அவ்வுருவங்களின் கீழுள்ள எழுத்துகளில், இவை நரசிங்கமங்கலத்துச் சபையாரின் காவல் என வருகின்றது. நரசிங்கப் பெருமாள் பெயரால் அமைந்த ஊரின் சபையார், அமண் திருமேனிக்குக் காவல் பூண்டனர். சமயப்பூசல் இருந்ததில்லை என யான் கூறவில்லை. தேவாரத்தைக் கற்றவன் அங்ஙனம் கூறல் ஒல்லாது. ஆயினும் பூசலைமட்டும் அறிந்து காவலை அறியாதிருத்தல் பாதிச் சரித்திரமே.

இத்துணைச் செல்வத்திற்கும் நம் காலத்தே நேர்ந்த இடர்களைக் கூறுதல் கடமை. மேலூர்ப் பகுதியில் கருங்கல் வெட்டுவோர் குன்றுகள் பலவற்றைக் கட்டி கட்டியாக அறுத்துக் கொண்டுபோயினர். அம்முறைகேடுகளை ஆராய 2014இல் சென்னை உயர்நீதிமன்றம் ஆணையர் ஒருவரை அமர்த்தியது. யானைமலையைச் சிற்ப நகரமாக்கும் திட்டமொன்று 2010இல் எழுந்தது; சுற்றுப்புற ஊரார் எதிர்த்து நின்றமையின் மலை பிழைத்தது. ஏழு குன்றுகளையும் எழுபத்திரண்டு ஏரிகளையும் உடையதென அரசாங்கமே குறித்த அரிட்டாபட்டி, 2022 நவம்பரில் தமிழ்நாட்டின் முதற் பல்லுயிர் மரபுத் தலமாக அறிவிக்கப்பெற்றது. மீனாட்சிபுரமும் உட்பட அதன் பரப்பு ஏறத்தாழ 193 ஹெக்டேர். ஈராண்டு கழிந்து 2024 நவம்பரில், அதனையும் உள்ளடக்கிய ஏறத்தாழ 2,015 ஹெக்டேர் நிலம் டங்ஸ்டன் கனிமத்திற்காக ஏலம் விடப்பட்டது என்னும் செய்தி வந்தது. உழுகுடிகள் திரண்டனர், சட்டமன்றம் டிசம்பரில் எதிர்த்துத் தீர்மானம் இயற்றியது, 2025 ஜனவரி 7ஆம் நாள் ஊர் ஊராக மக்கள் மதுரை நோக்கி நடந்தனர், 23ஆம் நாள் மத்திய அரசாங்கம் ஏலத்தை நீக்கியது. நடந்தவருள் பிராமி எழுத்தைப் படிக்கத் தெரிந்தார் மிகச் சிலரே இருந்திருப்பர். அவர்க்கு அக்குன்று நீர் தரும் குன்று, அதனாற் காத்தனர். எழுத்தும் உடன் காக்கப்பட்டது.

சமணர்மலையை இறுதியில் வைத்தேன். பிள்ளைகளுடன் செல்வார்க்கு அதுவே எளிது. மதுரைக்கு மேற்கே கீழக்குயில்குடியில், அய்யனார் கோயிலும் தாமரைக்குளமும் ஆலமரமும் உள்ள அடிவாரத்தினின்று படியேறல் வேண்டும். தென்மேற்கு மருங்கில் செட்டிப்புடவு என்னும் குகை. புடவு என்பது குகையே. உள்ளே அமர்ந்திருக்கும் தீர்த்தங்கரரின் நீண்ட செவியையும் அமைந்த வடிவையும் கண்ட ஊரார், யாரோ ஒரு செட்டியார் எனக் கொண்டு அப்பெயரிட்டனர்! படியேறினால் பேச்சிப்பள்ளம், ஆங்கே பாறையில் எட்டுத் திருமேனிகள் நிரலாக உள. மலையுச்சியில் ஒரு பழைய கோயிலின் அடித்தளமும், பெள்குளத்துத் துறவியரைக் குறிக்கும் கன்னடக் கல்வெட்டும் உள. சிரவணபெள்குளத்தினின்று இத்துணைத் தொலைவு நடந்தே வந்தனர் அவர். பேச்சிப்பள்ளத்து உருவங்களின் கீழுள்ள வட்டெழுத்தை மாலை வெயில் சாய்ந்து விழும்பொழுது நோக்கினால் எழுத்து நிழலோடு எடுத்துத் தோன்றும். பாண்டிநாட்டுக் குன்றுகள் பலவற்றில் உருவம் செய்வித்த அச்சணந்தி என்னும் துறவியின் பெயர் ஆங்கு வருகின்றது. அவர் செய்வித்ததாக அன்று. அவர் தாயார் குணமதியார் செய்வித்த திருமேனி என அக்கல் கூறுகின்றது.