சண்டிகர்: ஒரு லட்சிய நகரின் கதை

1947-ஆம் ஆண்டுப் பிரிவினையில் லாகூர் பாகிஸ்தானைச் சேர்ந்தது; இந்தியப் பஞ்சாப் தலைநகரின்றி நின்றது. ஆகவே, சிவாலிக் மலையடிவாரத்தில் பல கிராமங்களின் நிலங்களை எடுத்துச் சண்டிகர் என்னும் புதிய நகரை நிர்மாணிக்க முடிவாயிற்று. பழமையின் தளைகளற்ற நகராக அது விளங்க வேண்டும் என்பது பிரதமர் நேருவின் விருப்பம். அமெரிக்கரான ஆல்பர்ட் மேயர் வகுத்த முதல் திட்டத்தை, 1951-இல் ஸ்விட்சர்லாந்தில் பிறந்த பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர் லெ கார்புசியே மாற்றி அமைத்தார்.

அவர் எழுப்பிய சட்டமன்றமும் உயர்நீதிமன்றமும் உலகப் புகழ் பெற்றவை. எனினும், அந்நகரின் லட்சியத்தை நாம் காண வேண்டிய இடம் வேறு. பியேர் ஜான்னரே, மாக்ஸ்வெல் ஃப்ரை, ஜேன் ட்ரூ ஆகியோர் அரசு ஊழியருக்கு அவரவர் ஊதியத்திற்கேற்ப 13 வகை வீடுகளை வகுத்தனர். சிமெண்டும் எஃகும் விலை மிகுந்திருந்தமையால் செங்கல்லே முதற்பொருளாயிற்று. கடைசி வகை பியூன்களுக்குரியது. அதிலும் இரண்டு அறைகள், சமையலறை, தாழ்வாரம், குழாய்த் தண்ணீர், தனிக் கழிப்பறை ஆகியன இருந்தன. அரசுக் குடியிருப்புக்காக ஆண்டுக்கணக்கில் காத்திருக்கும் நம்மனோர் இதன் அருமையை நன்கறிவர்.

ஆனால், அவ்வீடுகளுக்குச் செங்கல் சுமந்த கூலியாட்களுக்கு அந்தப் 13 வகையுள் ஒன்றிலும் இடமில்லை. ஊழியர் பட்டியலில் அவர்கள் பெயர் இல்லை. தற்காலிகக் குடிசைகளே அவர்களுக்கு அனுமதிக்கப்பட்டன. நகரமோ வளர்ந்துகொண்டே போயிற்று. குடிசைகளும் ஓரிடத்தில் அகற்றப்பட்டு வேறிடத்தில் எழுந்தன. முதற்கட்டத்தில் 1,50,000 பேருக்கும், முடிவில் 5,00,000 பேருக்கும் எனத் திட்டமிட்ட நகரில், 2011-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி 9,00,000-க்கு மேற்பட்டோர் வசித்தனர்.

காலப்போக்கில், அரசு அலுவலகங்களுக்கென ஜான்னரே வடிவமைத்த நாற்காலிகள் கழிவுப் பொருளாக விற்கப்பட்டன. பின்னர் வெளிநாட்டு ஏலங்களில் பெருந்தொகைக்குப் போயின. 2016-இல் சட்டமன்ற வளாகம் உலகப் பாரம்பரியச் சின்னமாயிற்று. பழைய பகுதியின் தனி வீடுகளை மாடி மாடியாகப் பிரித்து விற்பதை 2023-இல் உச்சநீதிமன்றம் தடுத்தது. இவ்வாறு கட்டடங்களுக்குக் காவல் கிடைத்துவிட்டது.

கடைநிலை ஊழியனுக்கும் காற்றும் வெளிச்சமும் வேண்டும் என்ற எண்ணம் பொய்யன்று. அஃது அரசின் சம்பளப் பட்டியலோடு நின்றுவிட்டது, அதுவே குறை. பிழைப்பு நாடி வெளிமாநிலம் வந்த நமக்கு, அந்தப் பட்டியலில் சேராத மனிதர் அந்நியரல்லர். நாம் வாழும் நகரிலும் புதிய கட்டடம் ஒன்று எழும்போது, அதன் சாரத்தில் நிற்பவர் இரவில் எங்கே உறங்குகிறார் என்று கேட்பது நம் கடமையாகும்.