கிடைக்காத சான்றும் நிலைத்த கொள்கையும்

ஞாயிறு கிழக்கே எழுந்து மேற்கே மறைகின்றது என்றே இன்றும் எல்லா மொழியினரும் பேசுகின்றனர். எனினும் புவியே தன்னைத்தான் சுழல்கின்றது, புவியே ஞாயிற்றைச் சுற்றி ஓடுகின்றது என்பதைப் பள்ளிச் சிறுவனும் அறிவான். அஃது எவ்வாறு தெரியும் என்று அச்சிறுவனை வினவினால், “பாடப் புத்தகத்தில் இருக்கின்றது” என்பான். பெரியோர் பலருடைய விடையும் அதனின் வேறன்று. கொப்பர்னிக்கசு சொன்னார், கலிலியோ நிறுவினார், திருச்சபை தண்டித்தது என மூன்று வாக்கியங்களில் இக்கதையை முடித்துவிடுவது வழக்கமாகிவிட்டது. உண்மை வரலாறு அத்துணை எளிதன்று. புவியின் ஓட்டத்திற்கு நேர்ச்சான்று கிடைக்குமுன்னரே அறிஞருலகம் அதனை ஏற்றுக்கொண்டது. ஏற்க மறுத்தோர் அனைவரும் மூடரும் அல்லர்.

கிரேக்க நாட்டிற் சாமோசு என்னும் தீவினரான அரிசுதார்க்கசு, கிறித்துவுக்கு முன் மூன்றாம் நூற்றாண்டில், ஞாயிறு அசையாது நிற்கப் புவி அதனைச் சுற்றுகின்றது என்று கூறினார். இக்கொள்கையை அவர் எழுதி வைத்த நூல் அழிந்துவிட்டது. அவருக்குச் சற்றுப் பின்னர் வாழ்ந்த ஆர்க்கிமிடீசு, மணலை எண்ணுதல் பற்றித் தாம் எழுதிய நூலில் அதனைக் குறித்து வையாதிருப்பின், அதன் விவரம் பெரும்பாலும் மறைந்தே போயிருக்கும். ஞாயிறு புவியினும் பன்மடங்கு பெரியது என்று அரிசுதார்க்கசு கணித்திருந்தார். பெரியது சிறியதைச் சுற்றுவானேன் என்ற எண்ணம் அவருக்குத் தோன்றியிருத்தல் கூடும்.

அக்கொள்கைக்கு எதிராக எழக்கூடிய தடைகளுள் ஒன்று மிக வலியது. கையை முன்னே நீட்டிப் பெருவிரலை நிறுத்தி, முதலில் இடக்கண்ணை மூடியும் பின்னர் வலக்கண்ணை மூடியும் பார்த்தால், அவ்விரல் பின்னுள்ள சுவரின்மீது இடம் மாறுவது போலத் தோன்றும். பார்க்கும் இடம் மாறினால் அண்மையிலுள்ள பொருளின் தோற்றமும் மாறும். இதனை இடமாறு தோற்றம் என்பர். புவி ஞாயிற்றைச் சுற்றுவது மெய்யாயின், தைமாதத்தில் அஃது இருந்த இடத்திற்கும் ஆடிமாதத்தில் இருக்கும் இடத்திற்கும் இடையே கோடிக்கணக்கான மைல் தூரம் இருத்தல் வேண்டும். அவ்வாறாயின் அண்மை விண்மீன்கள் சேய்மை விண்மீன்களுக்கு எதிரே ஆண்டுதோறும் அசைந்து மீள வேண்டுமன்றோ? அவ்வசைவை எவரும் கண்டிலர். விண்மீன்கள் எண்ணவொண்ணாத் தொலைவில் உள்ளன, ஆதலின் அசைவு தோன்றாது என்பது அரிசுதார்க்கசின் விடை. விடை சரியானதே, ஆனால் சான்று இல்லாத குறையை மறைக்கச் சொல்லப்பட்ட விடை போலவே அஃது ஒலித்தது.

கிறித்துவுக்குப் பின் 150ஆம் ஆண்டளவில் அலெக்சாந்திரியா நகரில் வாழ்ந்த தொலமி, புவியை நடுவில் வைத்து, வட்டங்களின்மேல் வட்டங்கள் அமைத்து, கோள்களின் இருப்பிடங்களை முன்கூட்டியே கணிக்க வழிசெய்தார். அவருடைய கணிதம் ஆயிரத்து நானூறு ஆண்டுகள் வழக்கில் நின்றது. இவ்விடத்து ஆரியபட்டரை நினைவுகூர்வோர் உளர். கிறித்துவுக்குப் பின் 499ஆம் ஆண்டளவில், ஓடத்திற் செல்பவனுக்குக் கரையிலுள்ளவை பின்னோக்கிச் செல்வதுபோலத் தோன்றும் உவமையைக் காட்டி, புவி தன்னைத்தான் சுழல்வதை அவர் விளக்கினார். அது பெரிய துணிவே. ஆனால் தன்னைத்தான் சுழலுதல் வேறு, ஞாயிற்றைச் சுற்றுதல் வேறு. அவர் கூறியது முன்னையதேயன்றிப் பின்னையதன்று. நம்மவர் பெருமையை உள்ளபடி உரைத்தலே அவருக்குச் செய்யும் மரியாதை.

போலந்து நாட்டிலே 1473இற் பிறந்த கொப்பர்னிக்கசு, திருச்சபையில் ஒரு பதவி வகித்தவர். மருத்துவமும் சட்டமும் கற்றவர். ஞாயிற்றை நடுவில் வைக்கும் கொள்கையை 1514ஆம் ஆண்டளவில் ஒரு சிறு கையெழுத்துப் பிரதியாக நண்பர் சிலருக்குக் காட்டினார். பின்னர் ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் நூலை வெளியிடாது வைத்திருந்தார். அவர் அஞ்சியது தண்டனைக்கன்று, ஏளனத்திற்கே. 1539இல் ரெற்றிக்கசு என்னும் இளங் கணித ஆசிரியர் தேடி வந்து வற்புறுத்தியதன் பின்னரே, 1543இல், நூரெம்பேர்க்கு நகரில் நூல் அச்சாகியது. அவ்வாண்டு மே மாதத்தில் அவர் காலமானார். அச்சுவேலையை மேற்பார்த்த ஒசியாண்டர் என்பவர், இது கணக்கிடுவதற்கு ஏற்ற கற்பனையே, மெய்யென்று கொள்ள வேண்டியதில்லை என்ற பொருளில் ஒரு முன்னுரையைப் பெயரிடாமற் சேர்த்துவிட்டார். ஆசிரியருடைய கருத்துக்கு நேர்மாறான முன்னுரையை, அவர்தம் நூலின் வாயிலிலேயே நாட்டிய செயல் அது.

கொப்பர்னிக்கசின் கணிதம் தொலமியின் கணிதத்தைவிடத் திருத்தமாக இருந்ததா என்றால், பெரிதும் இல்லை. கோள்கள் வட்டத்திலேயே செல்லும் என்று அவரும் நம்பியமையால், சிறு வட்டங்களை அவராலும் விட்டொழிக்க முடியவில்லை. அவருடைய வலிமை வேறொன்றில் இருந்தது. செவ்வாய் சில காலம் பின்னோக்கிச் செல்வதாகிய வக்கிர கதியை விளக்கத் தொலமி தனி வட்டமொன்றை அமைக்க வேண்டியிருந்தது. கொப்பர்னிக்கசுக்கு அது தேவைப்படவில்லை. கடுகதிப் புகையிரதம் மெதுவாகச் செல்லும் மற்றொன்றை முந்தும்போது, முந்தப்படுவது பின்னோக்கிச் செல்வது போலத் தோன்றும். புவி செவ்வாயை முந்தும்போதும் அவ்வாறே. மேலும், புதன் முதற் சனி ஈறாகக் கோள்களின் வரிசையும், ஒன்றற்கொன்று உள்ள தூரத்தின் விகிதமும் அவருடைய அமைப்பிலிருந்து தாமே பெறப்பட்டன. புதன் 88 நாளிற் சுற்றுகின்றது. சனி ஏறத்தாழ 30 ஆண்டிற் சுற்றுகின்றது. ஞாயிற்றுக்கு அண்மையில் உள்ளது விரைவாகவும் சேய்மையில் உள்ளது மெதுவாகவும் செல்லும் இவ்வொழுங்கே அறிவுடையோர் சிலரின் உள்ளத்தைக் கவர்ந்தது.

ஆயினும் அந்தப் பழைய தடை நீங்கவில்லை. டென்மார்க்கு நாட்டுத் தைக்கோ பிராகி, தொலைகாட்டி தோன்றுமுன் வாழ்ந்த வான்கணியருள் ஈடிணையற்றவர். ஒரு பாகையை அறுபது கூறாக்கினால் வருவது கலை. கலையை அறுபது கூறாக்கினால் வருவது விகலை. தைக்கோவின் கருவிகள் ஏறத்தாழ ஒரு கலை அளவுக்குத் திருத்தமானவை. அவற்றைக் கொண்டு பார்த்தும் விண்மீன்களின் இடமாற்றத்தை அவர் காணவில்லை. எனவே, புவி ஓடுவதாயின் விண்மீன்கள் சனிக்கு அப்பால், சனியின் தொலைவைப்போல் ஏறத்தாழ 700 மடங்கு தூரத்திலேனும் இருத்தல் வேண்டும் என்று கணித்தார். அத்துணைத் தொலைவில் இருந்தும் அவை கண்ணுக்குத் தோன்றும் பருமனுடையன என்றால், ஒவ்வொன்றும் புவி சுற்றும் பாதை முழுவதையும் விழுங்கும் அளவினதாதல் வேண்டும். இது பொருந்துமா என்று அவர் கேட்டார். விண்மீனுக்குக் கண் காட்டும் பருமன் மெய்ப் பருமனன்று, ஒளியின் தன்மையால் நேரும் மயக்கம் என்பது அக்காலத்தில் எவருக்கும் தெரியாது. தெரிந்தவற்றைக் கொண்டு நோக்கின் தைக்கோவின் வாதம் குறையற்றது. கோள்கள் ஞாயிற்றையும், ஞாயிறு புவியையும் சுற்றும் ஓர் இடைநிலை அமைப்பை அவர் 1588இல் வெளியிட்டார்.

1601இல் தைக்கோ காலமானபின் அவருடைய குறிப்புகள் கெப்ளரின் கைக்கு வந்தன. செவ்வாயின் பாதையை வட்டமாகக் கொண்டு கெப்ளர் கணித்தபோது, கணிப்புக்கும் காட்சிக்கும் இடையே எட்டுக் கலை வேறுபாடு நின்றது. முழுமதியின் அகலத்தில் இது ஏறத்தாழ நாலிலொரு பங்கு. வேறொருவராயின் கருவியின் பிழையென்று தள்ளியிருப்பார். தைக்கோ அத்துணை பிழைவிடமாட்டார் என்று கெப்ளர் நம்பினார். இரண்டாயிரம் ஆண்டு போற்றிய வட்டத்தைக் கைவிட்டு நீள்வட்டத்தைக் கண்டார். 1609இல் நூலாக வெளியிட்டார். புவி அசையாது என்று நம்பியவரின் நேர்மையான அளவுகளே புவியின் ஓட்டத்திற்குத் துணையாயின. கெப்ளர் 1630இல் இறந்தார். புதன் ஞாயிற்றின் முகத்தைக் கடக்கும் என்று அவர் முன்னுரைத்திருந்தவாறே, 1631 நவம்பர் 7ஆம் நாள் பாரிசு நகரிற் கசெண்டி அதனைக் கண்டார்.

கலிலியோவின் தொலைகாட்டி வியாழனைச் சுற்றும் நான்கு திங்கள்களை 1610இற் காட்டியது. அவ்வாண்டின் இறுதியில் வெள்ளியும் திங்களைப்போல வளர்ந்து தேய்வதை அவர் கண்டார். தொலமியின் அமைப்பு அத்துடன் வீழ்ந்தது. ஆனால் தைக்கோவின் அமைப்பு வீழவில்லை. வெள்ளியின் வளர்ச்சியும் தேய்வும் அதற்கும் பொருந்தும். இந்த நுட்பத்தைப் பாடநூல்கள் பெரும்பாலும் சொல்வதில்லை. 1615இல் கர்தினால் பெல்லார்மின் எழுதிய கடிதமொன்றில், மெய்யான நிரூபணம் இருக்குமாயின் வேதவசனங்களுக்குப் பொருள் கொள்வதில் மிக்க கவனம் வேண்டும், ஆனால் அத்தகைய நிரூபணத்தைத் தமக்கு எவரும் காட்டவில்லை என்று கூறினார். கலிலியோவிடம் அந்நிரூபணம் இருக்கவில்லை. கடலின் வற்றுப்பெருக்கே புவியோட்டத்தின் சான்று என அவர் வாதித்தார். அவ்வாதத்தின்படி நாளொன்றுக்கு ஒரு பெருக்கே வருதல் வேண்டும். கடலோரத்தில் வாழ்வோர் இரண்டைக் காண்கின்றனர். திங்களே காரணம் என்று கெப்ளர் சொன்னதை அவர் எள்ளினார். கொள்கை மெய், சான்று பொய்.

சான்று போதாது என்பது ஒன்று. ஆதலின் வாயை மூடு என்பது மற்றொன்று. 1616இல் கொப்பர்னிக்கசின் நூல் திருத்தப்படும்வரை தடைசெய்யப்பட்டது. 1633 யூன் 22ஆம் நாள் எழுபதை நெருங்கிய கலிலியோ உரோமாபுரியில் முழந்தாளிட்டுத் தம் கொள்கையை மறுத்துரைத்தார். 1642இல் இறக்கும்வரை வீட்டுக்காவலிலேயே இருந்தார். தைக்கோவின் மறுப்பு கெப்ளருக்கு வழிவிட்டது. இத்தீர்ப்போ இத்தாலியில் அந்த வழியை நெடுங்காலம் அடைத்தது.

நியூற்றன் 1687இல் ஈர்ப்பு விதியை வெளியிட்டபின் ஐயம் பெரும்பாலும் அகன்றது. பெரிய ஞாயிற்றைச் சிறிய புவி சுற்றுவதன்றி வேறு வழியில்லை. ஆயினும் விண்மீனின் அசைவைத் தேடியவர்கள் ஓயவில்லை. இலண்டன் நகரின் உச்சியை ஒட்டிச் செல்லும் ஒரு விண்மீனை 1725 முதல் மொலினோவும் பிராட்லியும் நோக்கினர். அது அசைந்தது! ஆனால் எதிர்பார்த்த திசையில் அன்று. மூன்று மாதம் தவறி, நடுநிலையிலிருந்து இருபுறமும் இருபது விகலை அசைந்தது. 1728இற் பிராட்லி காரணம் கண்டார். காற்றில்லாத மழையில் நிற்பவன் குடையை நேரே பிடிப்பான். ஓடுபவன் முன்னே சாய்ப்பான். ஓடுகின்ற புவியில் உள்ளவன் வானிலிருந்து வரும் ஒளிக்கு ஏற்பத் தொலைகாட்டியைச் சிறிது சாய்க்க வேண்டியுள்ளது. ஒளி செக்கனுக்கு மூன்று இலட்சம் கிலோமீற்றர் செல்கின்றது. புவி முப்பது கிலோமீற்றர் செல்கின்றது. அச்சாய்வுக்கு இவ்விகிதமே அளவு. தேடியது கிடைக்கவில்லை, தேடாத நேர்ச்சான்று கிடைத்தது.

தேடிய இடமாறு தோற்றமும் 1838இற் கிடைத்தது. கோனிக்சுபேர்க்கு நகரிலிருந்த பெசல், அன்னம் எனப்படும் உடுத்தொகுதியில் 61ஆம் இலக்கமுடைய மங்கலான விண்மீனை அளந்து, அதன் அசைவு விகலையில் மூன்றிலொரு பங்கினும் சற்றுக் குறைவு என்று அறிவித்தார். ஓர் அங்குல அகலமுள்ள நாணயத்தைப் பத்து மைலுக்கு அப்பால் வைத்துப் பார்க்கும் கோணம் அதுவே. தைக்கோவின் கருவி அதனைப்போல் ஏறத்தாழ 200 மடங்கு பெரிய கோணத்தையே பிரித்தறிய வல்லது. அவர் காணாததில் வியப்பில்லை. கொப்பர்னிக்கசின் நூல் வெளியாகி அப்போது 295 ஆண்டுகள் சென்றிருந்தன. சான்று வருவதற்கு மூன்றாண்டு முன்னரே, 1835இல் வெளியான தடைநூற் பட்டியலிலிருந்து கொப்பர்னிக்கசின் பெயரும் கலிலியோவின் பெயரும் நீக்கப்பட்டுவிட்டன.

பெசலுக்கு முன்னரே, 1832இலும் 1833இலும், தென்னாபிரிக்காவின் நன்னம்பிக்கை முனையில் எண்டர்சன் வேறொரு விண்மீனை அளந்து வைத்திருந்தார். கணக்கை முடித்து வெளியிடுவதற்குள் 1839 பிறந்துவிட்டமையால் முதன்மை பெசலுக்குப் போயிற்று. எண்டர்சன் அளந்த விண்மீன் அல்பா செந்தோரி. வைகாசி பிற்பகுதியிலும் ஆனியிலும் முன்னிரவில், தென்சிலுவைக்குக் கிழக்கே, ஈழத்துத் தென்வானத்தில் தாழ நின்று ஒளிர்வது அது. ஞாயிற்றுக்கு மிக அண்மையில் உள்ள விண்மீன் தொகுதியும் அதுவே. அதன் இடமாறு தோற்றம் முக்கால் விகலை.